காலக் குத்துவாள்: ஒரு கேம் தன் கதையைத் தானே அழித்த விதம்

2003 நவம்பரில் வெளிவந்த 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா: தி சாண்ட்ஸ் ஆஃப் டைம்' கேமில் இளவரசன் கையில் ஒரு குத்துவாள் கிடைக்கிறது. அதன் பிடிக்குள் மணல். பட்டனை அழுத்திப் பிடித்தால் காலம் பின்னோக்கி ஓடும். பலரும் அந்த கேமை இந்த ஒரு வரியோடுதான் நினைவில் வைத்திருக்கிறார்கள். எனக்கு அந்த வரி போதாது. அந்தக் குத்துவாள் உண்மையில் திருப்புவது கதையைத்தான் என்பது என் முடிவு. நினைவு யாரிடம் இருக்கிறதோ, கதையும் அவனிடமே இருக்கும். இந்த விதியின் மேல்தான் மொத்த கேமும் நிற்கிறது. கருவி எப்படிப் பிறந்தது, எப்படி வேலை செய்கிறது, கடைசியில் என்ன செய்துவிட்டுப் போகிறது என்று வரிசையாகப் பார்ப்போம். முடிவு வரை எல்லாவற்றையும் சொல்லப்போகிறேன். இன்னும் ஆடாதவர்கள் ஆடிவிட்டு வந்து படிப்பது நல்லது.

பின்னணி

முதல் 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா' 1989-ல் ஆப்பிள் 2 கணினியில் வந்தது. ஜோர்டன் மெக்னர் கிட்டத்தட்ட ஒற்றை ஆளாகச் செய்தது. தம்பியை ஓடவும் குதிக்கவும் சொல்லி வீடியோ எடுத்து, ஒவ்வொரு ஃபிரேமாக அதைத் திரைக்குக் கொண்டுவந்தார். அதனால்தான் அந்தக் குட்டி உருவத்தின் ஓட்டத்தில் அத்தனை உயிர். ஆனால் அந்த கேம் இரக்கமில்லாதது. இளவரசியை மீட்க மொத்தம் 60 நிமிடம்தான். முள் குழியில் விழுந்தால் லெவலின் தொடக்கத்துக்குப் போக வேண்டும். கடிகாரமோ நிற்காமல் ஓடிக்கொண்டே இருக்கும்.

அந்த கேமில் இன்னொரு விஷயமும் இங்கே முக்கியம். எதிரி பாத்திரம் ஒன்றைப் புதிதாகச் சேர்க்க நினைவகத்தில் இடமில்லை. மெக்னர் இளவரசனின் படத்தையே நிறம் மாற்றி, நிழல் மனிதன் என்ற பாத்திரத்தை உண்டாக்கினார். கண்ணாடிக்குள்ளிருந்து வெளியே வரும் அந்த நிழலை வெட்டினால் நமக்கே அடி விழும். வாளை உறையில் போட்டுவிட்டு அதோடு ஒன்றாகக் கலந்துவிடுவதுதான் வழி. தொழில்நுட்பத்தில் ஒரு முட்டுக்கட்டை, அதிலிருந்து கதையின் மிகச் சிறந்த பகுதி. காலக் குத்துவாள் பிறந்ததும் ஏறக்குறைய இதே பாதையில்தான்.

1999-ல் வந்த முப்பரிமாணப் பதிப்பு சோபிக்கவில்லை. அப்புறம் யூபிசாஃப்ட் நிறுவனத்தின் மொன்றியால் ஸ்டூடியோ 2001-ல் புதிதாகத் தொடங்கியது. படைப்பு இயக்குநர் பத்ரீஸ் டெஸிலே, தயாரிப்பாளர் யானிஸ் மல்லா, கதை மெக்னர். அவர்கள் முன்னால் இருந்த சிக்கல் இதுதான்: இளவரசன் என்றால் சுவரில் ஓட வேண்டும், தூணிலிருந்து தூணுக்குத் தாவ வேண்டும். முப்பரிமாணத்தில் தூரத்தைக் கணிப்பது கடினம், ஆகவே ஆடுபவர் அடிக்கடி விழுவார். விழும்போதெல்லாம் 'லோடிங்' திரை வந்தால் அந்த ஓட்டத்தின் அழகே போய்விடும். விழுந்ததை விழாததாக்க ஆடுபவருக்கு ஒரு வழி வேண்டும், அதுவும் ஆட்டத்தை விட்டு வெளியே போகாமலே. ரீவைண்ட் யோசனை வடிவமைப்பாளர்கள் பக்கமிருந்து வந்தது. அதற்குக் கதைக்குள் ஒரு காரணம் கண்டுபிடிக்கும் பொறுப்பு மெக்னருடையது. அவர் கண்டுபிடித்த காரணம்தான் மணல் நிரம்பிய குத்துவாள்.

காலத்தைத் திருப்பிய முதல் கேம் இது என்று சிலர் எழுதுகிறார்கள். அது சரியல்ல. 2002-லேயே எக்ஸ்பாக்ஸில் 'பிளிங்க்ஸ்' வந்துவிட்டது. அதில் ஒரு பூனை வாக்குவம் கிளீனரைத் தூக்கிக்கொண்டு காலத்தை நிறுத்தும், திருப்பும். அங்கே அது ஒரு சக்தி, அவ்வளவுதான். இங்கே அதே சக்தி கதையின் முதுகெலும்பாகிவிட்டது.

கருவி வேலை செய்யும் விதம்

ஒரு தாவலை மட்டும் எடுத்துக்கொள்வோம். இளவரசன் சுவரில் நாலைந்து எட்டு ஓடி, எதிரே நீட்டிக்கொண்டிருக்கும் கம்பியைப் பிடிக்கத் தாவுகிறான். கோணம் தப்பிவிட்டது. கீழே பாதாளம். அவன் விழும்போதே பட்டனை அழுத்திப் பிடிக்கிறோம். படம் மங்குகிறது, ஓசையெல்லாம் தலைகீழாகக் கேட்கிறது. இளவரசன் கீழிருந்து மேலே மிதந்து வந்து, சுவரில் பின்பக்கமாக ஓடி, கிளம்பிய இடத்துக்கே வந்து நிற்கிறான். எந்த நொடியில் பட்டனை விடுகிறோமோ அந்த நொடியிலிருந்து காலம் மறுபடி முன்னே போகும். சுமார் 10 விநாடி வரை இப்படிப் பின்னால் போகலாம். அடிபட்டு உயிர் போன பிறகுகூட ஒரு கணம் அவகாசம் உண்டு. பிடிக்குள் மணல் இருந்தால் சாவையும் திருப்பிவிடலாம்.

மணல் இருந்தால்தான். எல்லாமே இந்த நிபந்தனைக்குள் அடங்கிவிடுகிறது. ஒவ்வொரு ரீவைண்டுக்கும் ஒரு கலம் மணல் செலவாகும். தீர்ந்துபோனால் எதிரிகளிடமிருந்துதான் எடுக்க வேண்டும். அரண்மனையில் இருந்தவர்களெல்லாம் கால மணல் பட்டு மணல் பூதங்களாகிவிட்டார்கள். வாளால் வெட்டினால் விழுவார்கள், ஆனால் சாகமாட்டார்கள். கீழே கிடப்பவர் மேல் குத்துவாளைப் பாய்ச்சி மணலை உறிஞ்சினால்தான் கணக்கு முடியும். இல்லாவிட்டால் எழுந்துவிடுவார்கள். ஆக, சண்டை போட்டால் மணல் சேரும், தாவித் தவறினால் மணல் செலவாகும். சண்டைக்கும் தாவலுக்கும் நடுவே இப்படி ஒரு வரவு செலவு ஓடுகிறது. அதே மணலை வைத்துக் காலத்தை மெதுவாக்கலாம், எதிரியைச் சிலைபோல உறைய வைக்கலாம். சண்டைகள் நீளமானவை, ஒரே மாதிரியானவை என்ற குறை நியாயமானதுதான். ஆனாலும் கலம் காலியாக இருக்கும்போது வரும் சண்டையில் ஒரு பசி இருக்கிறது. மணலுக்காகவே சண்டைக்குப் போகிறோம்.

கேமைச் சேமிக்கும் இடங்களிலும் இதே மணல்தான். ஒளிரும் மணல் தூணுக்குள் இளவரசன் நுழைந்தால் எதிர்காலம் துண்டு துண்டாகக் கண்முன் பாய்கிறது: அடுத்த மண்டபம், அங்குள்ள பொறிகள், அவன் செய்யப்போகும் தாவல்கள். அடுத்து எப்படிப் போவது என்று ஆடுபவருக்குத் துப்பு, கதையில் இளவரசனுக்கு தரிசனம். பின்னோக்கிப் போக குத்துவாள், முன்னோக்கிப் பார்க்க மணல் தூண். 'சேவ்' பண்ணுவது என்ற வெறும் கணினி வேலைக்குக்கூட கதையில் இடம் கொடுத்துவிட்டார்கள்.

இதில் எனக்கு மிகவும் பிடித்த விதி, கேம் வாய்விட்டுச் சொல்லாத ஒன்று. காலம் திரும்பும்போது இரண்டு மட்டும் திரும்புவதில்லை. செலவான மணல் கலத்துக்கு வருவதில்லை, இளவரசனின் நினைவும் அழிவதில்லை. காயம் ஆறிவிடும், உடைந்த படி ஒட்டிக்கொள்ளும், எதிரி பழைய இடத்துக்குப் போய்விடுவான். தான் விழுந்தது இளவரசனுக்கு மட்டும் தெரியும். ஆடுபவருக்கும் அப்படியே. கதாபாத்திரமும் ஆடுபவரும் ஒரே விஷயத்தை ஒரே அளவில் தெரிந்துவைத்திருக்கும் இந்தச் சமநிலை விளையாட்டுகளில் எளிதில் அமைவதில்லை.

நடந்தது என்ன

பாரசீக அரசன் ஷராமனின் படை, ஆஸாத் நகருக்குப் போகும் வழியில் இந்தியாவில் ஒரு மகாராஜாவின் கோட்டையைத் தாக்குகிறது. மகாராஜாவின் மந்திரியான வஜீர் காட்டிக்கொடுக்கிறான். தந்தை முன் பெயர் எடுக்க ஆசைப்பட்ட இளவரசன் கருவூலத்துக்குள் புகுந்து குத்துவாளை எடுத்துவருகிறான். கூடவே மாபெரும் மணற்கடிகாரம் ஒன்றும் கொள்ளையாகிறது. மகாராஜாவின் மகள் ஃபாரா கைதியாகிறாள். ஆஸாத் அரண்மனையில் வஜீர் இளவரசனைத் தூண்டிவிட்டுக் குத்துவாளால் கடிகாரத்தைத் திறக்க வைக்கிறான். மணல் வெடித்துப் பரவி, தொட்டவர்களையெல்லாம் பூதமாக்குகிறது. இளவரசனின் தந்தையும் அதற்குத் தப்பவில்லை. குத்துவாள் வைத்திருந்த இளவரசன், கழுத்தில் பதக்கம் அணிந்திருந்த ஃபாரா, மந்திரக்கோல் வைத்திருந்த வஜீர் ஆகிய மூவர் மட்டும் தப்புகிறார்கள்.

இந்த ஒரு வெடிப்பு எத்தனை வேலையை முடித்துவிடுகிறது பாருங்கள். அரண்மனை காலியாகிறது. பேச வேண்டிய பாத்திரங்கள் மூன்றே பேராகக் குறைகிறார்கள். எதிரிகள் எங்கிருந்து வந்தார்கள் என்ற கேள்விக்குப் பதில் கிடைக்கிறது. இளவரசனுக்குக் குற்றவுணர்ச்சி வருகிறது. தான் செய்ததை இல்லாமலாக்க வேண்டும் என்ற ஒற்றை ஆசையும் வருகிறது. பத்து விநாடியைத் திருப்பத் தெரிந்தவனுக்கு அந்த ஒரு நாளைத் திருப்ப வேண்டும் என்ற ஆசை வராமல் இருக்குமா?

சொல்பவன் யார்

கேமைப் போட்டதும் மெனு திரையில் இரவு நேர மாடம் ஒன்று தெரியும். ஆட்டத்தைத் தொடங்கினால் இளவரசன் திரைச்சீலையை விலக்கி உள்ளே போய் யாரிடமோ கதை சொல்ல ஆரம்பிக்கிறான். யாரிடம் என்று தெரியாது. நம்மிடம்தான் என்று எடுத்துக்கொள்கிறோம். அதன் பிறகு ஆடுவது முழுக்க, அவன் சொல்லிக்கொண்டிருக்கும் கதை.

இதனால் சாவுக்கு இரண்டாவது அடுக்கு ஒன்று கிடைக்கிறது. மணல் தீர்ந்த நிலையில் விழுந்து செத்தால், கதை சொல்லும் குரல் குறுக்கிடும்: இல்லை இல்லை, அப்படி நடக்கவில்லை, திரும்பச் சொல்கிறேன் என்று. பாட்டி கதை சொல்லும்போது அரக்கனை முன்கூட்டியே கொன்றுவிட்டு, "இல்லடா, அதுக்கு முன்னாடி ஒண்ணு இருக்கு" என்று திருத்துவாளே, அதே தொனி. கேமைச் சேமித்தால், அடுத்த முறை இங்கிருந்து தொடர்கிறேன் என்கிறான். பாதியில் வெளியேற நினைத்தால், கதையை முடிக்காமலே போகச் சொல்கிறீர்களா என்று கேட்கிறான்.

இரண்டு அடுக்குகளையும் பிரித்துப் பார்க்க வேண்டும். குத்துவாள் திருப்புவது கதைக்குள் நடந்த ஒன்றை. அந்த விழுதல் நடந்தது, பிறகு அழிக்கப்பட்டது. குரல் திருத்துவது கதைக்கு வெளியே. அந்தச் சாவு நடக்கவே இல்லை, சொல்பவன் வாய் தவறிச் சொல்லிவிட்டான். மற்ற கேம்களில் நாயகன் நூறு முறை செத்துப் பிழைப்பதற்கும் அவன் கதைக்கும் சம்பந்தமே இருக்காது. நாமும் அதைக் கண்டுகொள்ளாமல் பழகிவிட்டோம். இங்கே ஒரு தவறுகூடக் கணக்கில் வராமல் போகவில்லை. ஒன்று குத்துவாளின் கணக்கு, இல்லையேல் கதைசொல்லியின் கணக்கு. ஆயிரத்தொரு இரவுகளின் மரபில் கதை சொல்வது சாவைத் தள்ளிப்போடும் வழி. அந்த மரபில் ஊறப்போட்டு எடுத்த கேம் இது. இங்கே கதை சொல்வது சாவை ரத்தே செய்துவிடுகிறது.

பறிபோன குத்துவாள்

கடைசிக் கட்டம் நெருங்கும்போது ஃபாராவும் இளவரசனும் ஒருவரையொருவர் நம்பத் தொடங்கிவிட்டார்கள். சிறு வயதில் பயந்தால் தன் அம்மா சொல்லித் தந்த ஒரு சொல்லை அவள் அவனிடம் சொல்கிறாள்: 'ககோலுகியா'. வேறு யாருக்கும் தெரியாத சொல். அப்புறம் அவன் கண்விழிக்கும்போது அவள் இல்லை, குத்துவாளும் இல்லை. அவனைக் காக்க தன் பதக்கத்தை மட்டும் வைத்துவிட்டுப் போயிருக்கிறாள்.

அந்தக் கணத்திலிருந்து ரீவைண்ட் பட்டன் வேலை செய்யாது. பல மணி நேரம் பழகிய விரல் தானாக அங்கே போகும், எதுவும் நடக்காது. மீதமிருக்கும் கோபுரத்தின் வெளிச்சுவர்களில், இதுவரை செய்த அதே தாவல்களை வலை இல்லாமல் செய்ய வேண்டும். சண்டைக்கு மட்டும் ஒரே வெட்டில் பூதங்களை அழிக்கும் புது வாள் ஒன்றைக் கொடுத்துவிட்டார்கள். குத்துவாள் இல்லாமல் மணலை உறிஞ்ச முடியாதே, அதற்காக. ஆக, எதிரிகளைப் பற்றிய கவலை போய், உயரத்தைப் பற்றிய பயம் மட்டும் மிஞ்சுகிறது. கருவியின் மதிப்பை விளக்க இத்தனை நேரம் பேசிய எந்த வசனத்தையும் விட இந்தப் பறிப்பு அதிகம் சொல்லிவிடுகிறது. அவசரத்தில் நெஞ்சு அடிக்கிறதே, அது இளவரசனுடையதா நம்முடையதா என்று பிரிக்க முடியாத இடம் இது.

கோபுரத்தின் மேலே அவன் போய்ச் சேர்வதற்குள் நேரமாகிவிடுகிறது. பள்ளத்தின் மேல் ஃபாரா தொங்குகிறாள். இருவருக்கும் நடுவே அந்தக் குத்துவாள்தான் பிடிமானம். அவள் கையை விட்டுவிடுகிறாள்.

கடைசி ரீவைண்ட்

இளவரசன் குத்துவாளை மணற்கடிகாரத்தில் பாய்ச்சுகிறான். இந்த முறை திரும்புவது பத்து விநாடி அல்ல. மொத்தக் கதையும் பின்னோக்கி ஓடுகிறது. நாம் கடந்த மண்டபங்கள், சண்டைகள், ஃபாராவோடு பேசிய பேச்சுகள் எல்லாம். தாக்குதலுக்கு முந்தைய இரவில் அவன் கண்விழிக்கிறான். கையில் குத்துவாள், தலைக்குள் நினைவு. கருவூலத்தில் இருக்க வேண்டிய குத்துவாள் அவன் கையில் எப்படி என்று கேம் விளக்குவதில்லை. ஆனால் சிறிய ரீவைண்டின் விதி இங்கேயும் மாறவில்லை. கருவியும் நினைவும் திரும்பாதவை.

ஓடிப்போய் மாடம் ஏறி, ஃபாராவின் அறைக்குள் நுழைந்து, வஜீரைப் பற்றி எச்சரிக்க முழுக் கதையையும் சொல்கிறான். இத்தனை நேரம் கதை கேட்டுக்கொண்டிருந்தவள் அவள்தான். நாம் ஆடிய ஆட்டம், நடக்காத ஒரு சம்பவத்தின் வாக்குமூலம். சாட்சி ஒருவன் மட்டுமே, ஆதாரம் ஒரு குத்துவாள் மட்டுமே. அவள் நம்பவில்லை. நம்புவதற்கு என்ன இருக்கிறது? நள்ளிரவில் ஜன்னல் வழியாக வந்த அந்நியன் அவன்.

வஜீர் வந்து சேர்கிறான், சண்டை நடக்கிறது, வஜீர் சாகிறான். அதற்குப் பிறகு வரும் ஒரு நிமிடத்தைத்தான் இந்த ஆய்வில் நான் அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். இளவரசன் ஃபாராவை முத்தமிடுகிறான். அவனுக்கு அவள் காதலி. அவளுக்கு அவன் இப்போதுதான் பார்த்த ஆள். கோபத்தோடு விலகுகிறாள். உடனே அவன் குத்துவாளை இயக்கி அந்த முத்தத்தையே அழித்துவிடுகிறான். பலர் இதை இனிமையான குறும்பாகப் பார்த்தார்கள். எனக்கு அது உறுத்துகிறது. விழுந்ததைத் திருப்பினால் நஷ்டம் அவனுடையது மட்டும். இங்கே அவளுடைய மறுப்பு அவளிடமிருந்து எடுக்கப்பட்டுவிட்டது. அவள் கோபப்பட்டதுகூட அவளுக்குத் தெரியாது. நினைவு ஒருவரிடம் மட்டும் இருந்தால் அது எவ்வளவு பெரிய அதிகாரம் என்பதை, பூதங்களோ வஜீரோ காட்டாத அளவுக்கு இந்தச் சின்னச் செயல் காட்டுகிறது.

எழுதியவர்களுக்கும் அது தெரிந்திருக்கிறது என்றே நினைக்கிறேன். அடுத்ததாக அவன் செய்வது அதை ஒத்துக்கொள்வது போலத்தான் இருக்கிறது. அது வெறும் கதைதான் என்று சொல்லிக் குத்துவாளை அவளிடமே திருப்பிக் கொடுத்துவிடுகிறான். தன் நினைவுக்கு இருந்த ஒரே ஆதாரத்தையும் விட்டுக்கொடுக்கிறான். பெயரைக் கேட்கும்போது மட்டும் 'ககோலுகியா' என்று சொல்லிவிட்டுப் போகிறான். அவள் திகைத்து நிற்கிறாள். காலத்தைத் திருப்பும் கருவியால் அழிக்க முடியாமல் தங்கிவிட்டது அந்த ஒரு சொல்.

அதன் பிறகு

2004-ல் வந்த 'வாரியர் விதின்' இந்த முடிவுக்கு விலை கேட்டது. கால மணலை வெளியே விட்டவன் சாக வேண்டியவன் என்று, தஹாகா என்ற காவல் மிருகம் ஏழு வருடமாக இளவரசனைத் துரத்துகிறது. யோசனை நன்றாகத்தான் இருந்தது, ஆனால் கதை சொல்லும் குரல் போய், உறுமலும் ரத்தமும் வந்துவிட்டன. 2005-ன் 'டூ த்ரோன்ஸ்' குரலை மீட்டது. அதில் ஃபாரா மறுபடியும் அவனை அறியாதவளாக வருகிறாள், மறுபடியும் நெருங்குகிறாள். இறுதியில் என் பெயர் உனக்கு எப்படித் தெரியும் என்று அவளே கேட்கிறாள். அவன் முதல் கேமின் முதல் வரியிலிருந்து சொல்லத் தொடங்குகிறான். முதல் தடவை அவன் கதையைத் திணித்தான், இந்தத் தடவை அவள் கேட்டு வாங்குகிறாள். அந்த முத்தக் காட்சியின் உறுத்தல் எனக்கு ஓரளவு நீங்கியது இங்கேதான்.

2010-ல் திரைப்படம் வந்தபோது குத்துவாள் இருந்தது, கதை சொல்லும் இளவரசன் இல்லை. துரத்திப் பிடிக்க வேண்டிய ஒரு பொருளாக அது சுருங்கிவிட்டது. மூல கேமைப் புதுப்பிக்கும் பணியை 2020-ல் அறிவித்தபோது அதைச் செய்தவை யூபிசாஃப்டின் புனே, மும்பை ஸ்டூடியோக்கள். மகாராஜாவின் மணற்கடிகாரம் ஒரு வகையில் இந்தியாவுக்கே வந்தது. 2022-ல் பணி மறுபடி மொன்றியாலுக்கு மாறியது.

ரீவைண்ட் இன்று கார் பந்தய கேம்களில்கூட உண்டு. வளைவில் மோதினால் திருப்பிக்கொண்டு மறுபடி ஓட்டலாம். அங்கே அதற்கு யாரும் காரணம் கேட்பதில்லை, தேவையும் இல்லை. 2008-ல் ஜோனதன் புளோ உருவாக்கிய 'பிரெய்ட்' மணல் கணக்கே இல்லாமல், எவ்வளவு தூரம் வேண்டுமானாலும் திருப்ப விட்டது. அதனால் சாவின் பயம் போய், காலமே புதிராக மாறியது. அதே ஆண்டு வந்த புதிய 'பிரின்ஸ் ஆஃப் பெர்சியா'வில் குத்துவாளுக்குப் பதில் எலிகா என்ற பெண். இளவரசன் விழும்போதெல்லாம் கை கொடுத்துத் தூக்கிவிடுவாள். கேம் ரொம்ப சுலபமாகிவிட்டது என்று அப்போது பலர் குறைபட்டார்கள். குத்துவாளும் சாவை மன்னித்தது, எலிகாவும் மன்னிக்கிறாள், இதில் என்ன வித்தியாசம் என்று அவள் பக்கம் நின்றவர்கள் கேட்டார்கள். வித்தியாசம் மணலில் இருக்கிறது. எலிகாவின் கை ஒருபோதும் காலியாவதில்லை. தீரக்கூடிய ஒன்று கையில் இருந்ததால்தான் 2003-ன் இளவரசன் ஒவ்வொரு தாவலுக்கு முன்பும் ஒரு கணம் தயங்கினான், நம்மையும் தயங்க வைத்தான்.